ஃபாதர் ரசீனின் மாணவர்கள்

மெல்பர்னில் இப்போது இரவு எட்டு மணி. நாளை காலை ஏழு மணிக்கு டியூட்டி. அதனால் நேரத்தோடு முடித்துவிடுவேன், பயப்பட வேண்டாம்.

கணிதத்தின் வரலாறு பேச எனக்கு என்ன தகுதி என்று அமைப்பாளரிடமே கேட்டேன். பிளஸ் டூவோடு கணக்கை விட்டுவிட்டு நர்சிங் டிப்ளமோ படித்தவள் நான். பல்கலைக்கழகத்தில் கணிதம் படிக்கும் என் மகன் ஒரு நாள் சாப்பாட்டு மேசையில் ஒரு புத்தகத்தை வைத்துவிட்டுப் போனான். கான்பெராவில் ஆஸ்திரேலிய தேசியப் பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்திய அம்னோன் நீமன் எழுதி 2007இல் வந்த புத்தகம். ‘இயற்கணித வடிவியலும் பகுமுறை வடிவியலும்’ என்று அதன் தலைப்பைத் தமிழில் சொல்லலாம். எதற்கு இரண்டு வடிவியல் என்று கேட்டேன். அவன் சொல்லிக்கொண்டே போனதில் நடுவில் காஞ்சிபுரம் வந்தது. அன்றைக்குத் தேட ஆரம்பித்ததுதான் இந்த உரை.

எக்ஸையும் ஒய்யையும் பெருக்கிக் கூட்டி எழுதும் பல்லுறுப்புக்கோவைகள் உங்களுக்கு நினைவிருக்கும். அவற்றால் வரையும் வட்டம், நீள்வட்டம் போன்றவை இயற்கணித வடிவியலைச் சேர்ந்தவை. முடியாமல் நீண்டுகொண்டே போகும் தொடர்களாலும் வடிவங்களை வரையலாம். சைன் அலை அப்படிப்பட்டது. எங்கள் வார்டு மானிட்டரில் ஓடும் அலைபோல அது நடுக்கோட்டை எண்ணற்ற தடவை வெட்டும். பல்லுறுப்புக்கோவையின் வளைகோட்டால் அப்படி முடியாது. ஆகவே பகுமுறை உலகம் பெரியது, இயற்கணித உலகம் சின்னது.

ஆனால் தண்டவாளங்கள் தொடுவானத்தில் சந்திப்பதைப்போல, முடிவிலியில் உள்ள புள்ளிகளையும் சேர்த்து மூடிய ஒரு வெளி இருக்கிறது. கலப்பெண்களை வைத்துக்கொண்டு அங்கே போனால் அந்த வித்தியாசம் மறைந்துவிடுகிறது. பகுமுறையில் வரையும் மூடிய வடிவம் ஒவ்வொன்றும் பல்லுறுப்புக்கோவைகளாலேயே வரையக்கூடியது. 1949இல் சௌ இதை நிரூபித்தார். 1956இல் பிரான்ஸின் ழான்-பியர் செர் இதை மிகவும் விரிவாக்கினார். அந்தக் கட்டுரைத் தலைப்பின் பிரெஞ்சு முதலெழுத்துகளைச் சேர்த்து ‘காகா’ என்பார்கள். தமிழில் எழுதினால் ஜன்னலில் வந்து உட்காரும் பறவைதான் நினைவுக்கு வருகிறது, என்ன செய்ய!

இந்தப் பிரெஞ்சுக் கணிதம் சென்னைக்கு வந்தது ஒரு குருவானவரின் கையில். சார்ல் ரசீன், இயேசு சபைத் துறவி. பாரிஸில் எலி கார்த்தானிடம் ஆய்வு செய்தவர். 1937இல் இந்தியாவுக்கு வந்து திருச்சி செயின்ட் ஜோசப் கல்லூரியில் இருந்துவிட்டு, பிறகு சென்னை லயோலாவுக்குப் போனார். எங்கள் வீடு சி.எஸ்.ஐ. இயேசு சபைச் சாமியார்கள் என்றால் கண்டிப்பான ஹாஸ்டல் வார்டன்கள் என்று மட்டுமே நினைத்து வளர்ந்தவள் நான். ரசீன் பெரிய தேற்றம் எதையும் விட்டுச் செல்லவில்லை. புதிய கணிதம் எங்கே நடக்கிறது என்பது அவருக்குத் தெரிந்திருந்தது, மாணவர்களை அந்தப் பக்கம் திருப்பிவிட்டார். இதைச் சின்ன வேலை என்று நான் நினைக்கவில்லை.

காஞ்சிபுரத்தில் பிறந்த சி.எஸ். சேஷாத்ரியும் வட ஆற்காட்டுக் கிராமத்துப் பையனான எம்.எஸ். நரசிம்மனும் லயோலாவில் அவரிடம் படித்தார்கள். இருவரும் பிறந்தது 1932இல். அவர் சொல்லித்தான் 1953இல் பம்பாய் டாடா ஆய்வு நிறுவனத்தில் சேர்ந்தார்கள். பிறகு இருவரும் பாரிஸ் போனார்கள். அங்கே நரசிம்மனுக்கு நுரையீரல் உறையில் அழற்சி, ப்ளூரிசி, வந்து மருத்துவமனையில் கிடந்தார். உண்மையான பிரான்ஸைப் பார்த்தது அங்கேதான் என்று பின்னாளில் சொல்லியிருக்கிறார். பொது வார்டில் வேலை பார்த்தவர்களுக்கு இது புரியும்.

1965இல் இருவரும் சேர்ந்து வெளியிட்ட தேற்றத்துக்கு மகன் உளுந்து வடையை உதாரணம் காட்டினான். இரண்டோ அதற்கு மேலோ துளைகள் உள்ள வடை. அதன் மேற்பரப்பில் வெக்டர் கற்றைகள் என்று சில அமைப்புகளை நிறுத்தலாம். அவற்றில் ‘நிலையானவை’ எவை என்று இயற்கணித வழியில் வரையறுத்தவர் மம்ஃபோர்ட். வடையின் துளைகளைச் சுற்றிவரும் ஒவ்வொரு பாதைக்கும் ஒரு சுழற்சியைப் பொருத்தியும் கற்றைகளை உண்டாக்கலாம். இரண்டு வழியிலும் கிடைப்பவை ஒன்றே என்று நம் ஆட்கள் காட்டினார்கள். 1983இல் சைமன் டொனால்ட்சன் இதற்கு வேறொரு நிரூபணம் கொடுத்தார். சேஷாத்ரி சென்னைக்குத் திரும்பி, இன்றைய சென்னை கணிதவியல் கழகத்தை 1989இல் தொடங்கினார். கர்நாடக சங்கீதமும் பாடுவார். 2020இல் சேஷாத்ரி மறைந்தார், அடுத்த ஆண்டு நரசிம்மன்.

ரசீனின் இன்னொரு மாணவரைப் பற்றிச் சொல்லத்தான் உண்மையில் இங்கே வந்தேன். சி.பி. ராமானுஜம். எல்லோருக்கும் தெரிந்த ராமானுஜன் இல்லை. 1938இல் பிறந்தவர். மம்ஃபோர்டின் பம்பாய் உரைகள் ‘ஏபீலியன் வெரைட்டீஸ்’ என்ற புத்தகமாக வந்ததில் இவருடைய பங்கு பெரியது. இவருக்கு ஸ்கிசோஃப்ரினியா இருந்தது. தன் வேலை போதாது என்று தன்னையே குறைத்துக்கொண்டு ராஜினாமா கொடுப்பார். டாடா நிறுவனம் பெங்களூரிலிருந்தே வேலை செய்ய அவருக்கு ஏற்பாடு செய்துகொடுத்தது. 1974 அக்டோபரில் தன் உயிரைத் தானே முடித்துக்கொண்டார். வயது 36.

மேதைமைக்கும் மனநோய்க்கும் முடிச்சுப் போட்டு அழகாக எழுதுபவர்கள்மேல் எனக்குக் கோபம் வரும். நோய் அவருக்கு எதையும் கொடுக்கவில்லை. வேலை செய்யவேண்டிய வருடங்களை எடுத்துக்கொண்டது, அவ்வளவுதான்.

கோபத்துக்குச் சொந்தக் காரணமும் உண்டு. என் பெரியப்பா மகன், எங்கள் குடும்பத்தில் முதன்முதலில் பி.எஸ்சி. கணிதம் படித்தவன், இரண்டாம் வருடத்தில் யாரோ தன்னோடு பேசுவதாகச் சொல்ல ஆரம்பித்தான். மூன்று வருடம் ஜெபக் கூட்டம் ஜெபக் கூட்டமாகக் கூட்டிப்போனோம். டாக்டரிடம் போகவில்லை. கையைப் பிடித்துக் கூட்டிப்போனவர்களில் நானும் ஒருத்தி. நர்சிங்கில் மனநல வகுப்பு தொடங்கிய வாரம்தான் எனக்கு உறைத்தது. ஊருக்குப் போய்ப் பெரியம்மாவிடம் சண்டை போட்டுத்தான் அண்ணனை ஆஸ்பத்திரியில் சேர்த்தேன். ஜெபத்தை நான் விடவில்லை. மாத்திரையை நிறுத்திவிட்டு ஜெபிக்கச் சொல்லும் ஆட்களோடு பேசுவதைத்தான் விட்டுவிட்டேன்.

அண்ணன் இப்போது ஏழாம், எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கணக்கு டியூஷன் எடுக்கிறான். போன ஞாயிற்றுக்கிழமை போனில் இந்த உரையை அவனுக்கு வாசித்துக் காட்டினேன். ராமானுஜம் வந்த இடத்தில் பேசாமல் இருந்தான். முடித்த பிறகு, “அந்த வடையில ஒரே ஒரு துளைதான் இருந்தா என்ன ஆகும்?” என்று கேட்டான். எனக்குத் தெரியவில்லை. மகனிடம் போனைக் கொடுத்தேன்.