மாரி டோர்வால்

மாரி டோர்வால் (ஜனவரி 6, 1798 – மே 20, 1849) பிரெஞ்சு நாடக நடிகை. ரொமான்டிக் இயக்க நாடகங்களின் முதன்மைப் பெண் பாத்திரங்களை ஏற்று நடித்தவர். அந்த நாடகங்களை எழுதிய விக்டர் ஹியூகோவும் அலெக்சாண்டர் டூமாவும் உலகப் புகழ் பெற்றனர். அவற்றுக்கு மேடையில் உயிர் கொடுத்த டோர்வாலின் பெயர் பிரான்சுக்கு வெளியே அதிகம் தெரியாது.

பிரான்சின் மேற்குக் கடற்கரைத் துறைமுக நகரான லோரியாங்கில், ஊர் ஊராகச் சென்று நாடகம் போட்ட நடிகர் குடும்பத்தில் பிறந்தார். சிறு வயதிலேயே மேடையேறினார். பதினாறு வயதளவில் அலாங் டோர்வால் என்ற நடிகரை மணந்து, சில ஆண்டுகளில் கணவரை இழந்தார். அந்தப் பெயரை மட்டும் கடைசிவரை விடவில்லை.

1818-ல் பாரிசின் போர்த்-சாங்-மார்த்தாங் அரங்கில் சேர்ந்தார். அப்போது பாரிஸ் நாடக உலகம் இரண்டாகப் பிரிந்திருந்தது. அரசு ஆதரவு பெற்ற கொமெதி-பிரான்செஸ் அரங்கில் செய்யுள் நாடகங்கள் நடந்தன. நிமிர்ந்த நிலை, அளந்த சைகை, ராகம் போன்ற உச்சரிப்பு. பூல்வார் எனப்பட்ட அகன்ற சாலைகளின் அரங்குகளில் கொலை, சூது, கண்ணீர் நிறைந்த உணர்ச்சி நாடகங்களைப் பொதுமக்கள் கூட்டமாகப் பார்த்தனர். டோர்வால் இரண்டாவது உலகத்தைச் சேர்ந்தவர். கரகரத்த குரல், அழகி என்று சொல்ல முடியாத முகம். ஆனால் அழ வேண்டிய இடத்தில் அவர் உண்மையாகவே அழுதார். 1827-ல் ஒரு சூதாடியின் முப்பது ஆண்டு வாழ்க்கையைச் சொல்லும் நாடகத்தில் ஃபிரெதெரிக் லெமேத்ருடன் நடித்துப் பெரும்புகழ் பெற்றார். 1831-ல் டூமாவின் 'ஆந்தொனி', ஹியூகோவின் 'மாரியோன் தெலொர்ம்' இரண்டிலும் அவரே நாயகி.

அவரைக் காதலித்த கவிஞர் ஆல்ஃபிரே தெ வினி, 'சாட்டர்டன்' நாடகத்தின் கிட்டி பெல் பாத்திரத்தை அவருக்காகவே எழுதினார். வறுமையில் நஞ்சருந்தி இறந்த ஆங்கிலக் கவிஞன் தாமஸ் சாட்டர்டனின் கதை அது. நாடகம் கொமெதி-பிரான்செஸில் ஏறுவதாக இருந்தது. பூல்வார் நடிகை ஒருவர் தங்கள் மேடைக்கு வருவதை அங்கிருந்த நடிகர்கள் விரும்பவில்லை. இறுதிக் காட்சியில் கிட்டி படியேறிச் சென்று, கவிஞன் சாவதைக் கண்டு நிலைகுலைய வேண்டும். ஒத்திகைகளில் அதை எப்படி நடிக்கப்போகிறார் என்று டோர்வால் காட்டவே இல்லை. 1835 பிப்ரவரி 12 அன்று, முதல் நாள் மேடையில், மாடிப்படியின் உச்சியிலிருந்து கைப்பிடியோடு சரிந்து கீழே விழுந்தார். அரங்கம் அதிர்ந்தது. செய்யுள் நாடகத்தின் கோயிலில் அன்று அனைவரையும் உலுக்கியது வசனம் அல்ல, ஓர் உடல் விழுந்த விதம்.

அதே ஆண்டு ஹியூகோவின் 'ஆஞ்செலோ' நாடகத்தில், அந்த அரங்கின் அரசியாகவே கருதப்பட்ட மாட்மொசெல் மார்ஸுக்கு இணையாக நடித்தார். ஆனால் இந்த இடம் நிலைக்கவில்லை. 1840-ல் அவரது நெருங்கிய தோழி ஜார்ஜ் சாண்ட் எழுதிய 'கொசிமா' தோல்வியடைந்தது. பிறகு வேறு அரங்குகளிலும் வெளியூர்ப் பயணங்களிலும் காலம் கழிந்தது. 1845-ல் 'மாரி-ழான்' நாடகத்தில் ஏழைத் தாயாக நடித்ததே கடைசிப் பெருவெற்றி.

1848-ல் பேரக்குழந்தையின் மரணம் அவரை உடைத்தது. மறு ஆண்டு, கையில் பணமின்றி, பாரிசில் இறந்தார். அடக்கச் செலவுக்கு டூமா உதவினார். 1855-ல் டோர்வாலின் இறுதி ஆண்டைப் பற்றி ஒரு நூலும் எழுதினார். ஜார்ஜ் சாண்ட் தன் வரலாற்றில் அவருக்கென விரிவான பக்கங்களை ஒதுக்கியிருக்கிறார். ஒலிப்பதிவோ திரைப்படமோ இல்லாத காலத்து நடிகையின் நடிப்பை இன்று இத்தகைய எழுத்துகளின் வழியாகவே அறிய முடிகிறது. அவரது கல்லறை பாரிசின் மோன்பர்னாஸ் கல்லறைத் தோட்டத்தில் உள்ளது.