பிஎஸ்பியில் இலவச விளையாட்டுகள்

பிஎஸ்பி எனப்படும் பிளேஸ்டேஷன் போர்ட்டபிள், சோனி நிறுவனம் 2004 டிசம்பர் 12 அன்று ஜப்பானிலும், 2005 மார்ச் 24 அன்று வட அமெரிக்காவிலும், அதே ஆண்டு செப்டம்பர் 1 அன்று ஐரோப்பாவிலும் விற்பனைக்குக் கொண்டுவந்த கையடக்க விளையாட்டுக் கருவி. அதில் காசு கொடுக்காமல் ஆடக் கிடைத்தவை மூன்று வகை. சோனியே வழங்கிய டெமோக்களும் அன்பளிப்புகளும் ஒரு வகை. ஆர்வலர்கள் தாமே எழுதிப் பொதுவில் விட்ட ஹோம்புரூ விளையாட்டுகள் இன்னொரு வகை. கடையில் விற்ற விளையாட்டுகளின் திருட்டுப் பிரதிகள் மூன்றாவது. பேச்சுவழக்கில் மூன்றையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பியதால், ஹோம்புரூவுக்குத் தகாத பழி வந்து சேர்ந்தது. இக்கட்டுரை பெரும்பாலும் அந்த ஹோம்புரூவைப் பற்றியது.

கருவியின் அமைப்பு

முதல் மாதிரியான பிஎஸ்பி-1000இல் 4.3 அங்குலத் திரையும் 32 எம்பி நினைவகமும் இருந்தன. திரை 480×272 புள்ளிகள் கொண்டது. அடுத்து வந்த பிஎஸ்பி-2000 முதல் நினைவகம் 64 எம்பி ஆனது. மிப்ஸ் வகையைச் சேர்ந்த செயலி 333 மெகாஹெர்ட்ஸ் வரை ஓடக்கூடியது. ஆனால் கடை விளையாட்டுகளுக்குச் சோனி 2007 வரை 222 மெகாஹெர்ட்ஸ் என்ற வரம்பு வைத்திருந்தது. ஹோம்புரூ எழுதியவர்கள் அந்த வரம்புக்குக் கட்டுப்படாமல், முழு வேகத்தையும் முன்னதாகவே பயன்படுத்தினார்கள்.

விற்பனை விளையாட்டுகள் யூஎம்டி என்ற 1.8 ஜிபி வட்டுகளில் வந்தன. சேவ் கோப்புகள், பாட்டு, படம் ஆகியவற்றுக்கு மெமரி ஸ்டிக் என்ற சிறு அட்டை இருந்தது. யூஎஸ்பி கேபிளால் இணைத்தால் அந்த அட்டை கணினியில் சாதாரண டிரைவ் போலத் தெரியும். யாரும் எந்தக் கோப்பையும் அதில் போட முடியும். போட்ட கோப்பு ஓடுவதற்குச் சோனியின் மின்கையொப்பம் வேண்டும் என்பதுதான் பூட்டு. பின்னாளில் நடந்த அத்தனையும் இந்த அட்டை வழியாகவே நடந்தது.

சோனி வழங்கிய இலவசங்கள்

யூஎம்டி வட்டு ஒன்றே இருந்தாலும், பக்கத்தில் இருப்பவரின் பிஎஸ்பிக்கு விளையாட்டின் ஒரு பகுதியைக் கம்பியில்லாமல் அனுப்பும் 'கேம் ஷேரிங்' வசதி சில விளையாட்டுகளில் இருந்தது. பெற்ற கருவியை அணைத்ததும் அது அழிந்துவிடும். 2006இல் வந்த 2.70 ஃபர்ம்வேர் (கருவியை இயக்கும் உள்மென்பொருள்), பிரவுசருக்குள் ஃபிளாஷ் பிளேயரைச் சேர்த்தது. அதற்குப் பின் இணையத்தில் கிடைத்த சிறு ஃபிளாஷ் விளையாட்டுகளைக் கையொப்பம் ஏதுமின்றி ஆட முடிந்தது. அதே ஆண்டு லோகோரோகோ விளையாட்டின் டெமோ இணையத்தில் இலவசமாக வந்தது. டெமோக்களைத் தரவிறக்கி ஆடும் பழக்கம் பிஎஸ்பிக்காரர்களிடையே நன்றாக வேரூன்றியிருந்தது.

2011 ஏப்ரலில் பிளேஸ்டேஷன் நெட்வொர்க் ஊடுருவப்பட்டு வாரக்கணக்கில் முடங்கிக் கிடந்தது. அதற்கு ஈடாக, பிஎஸ்பி வைத்திருந்தவர்கள் லிட்டில்பிக்பிளானட், மாட்நேஷன் ரேசர்ஸ், பர்சூட் ஃபோர்ஸ், கில்ஸோன்: லிபரேஷன் என்ற நான்கில் இரண்டை இலவசமாக எடுத்துக்கொள்ளச் சோனி அனுமதித்தது. அமெரிக்காவிலும் ஐரோப்பாவின் பெரும்பகுதியிலும் இந்தப் பட்டியலே வழங்கப்பட்டது. முழு விளையாட்டுகளை இப்படிக் கொடுத்தது பிஎஸ்பி வரலாற்றில் அபூர்வம்.

பூட்டும் திறப்பும்: 2005

ஜப்பானில் முதலில் விற்ற கருவிகளில் இருந்த 1.00 ஃபர்ம்வேர், கையொப்பமில்லாத நிரலையும் ஓட்டியது. சோனி இதைக் கவனிக்காமல் விட்டது பெரிய அதிர்ஷ்டம். 2005 மே மாதம் நெம் என்ற புனைபெயர்க்காரர், திரையில் ஒரு வாழ்த்து வரியை மட்டும் காட்டும் சிறு நிரலை வெளியிட்டார். வெளியார் ஒருவர் எழுதிய நிரல் பிஎஸ்பியில் ஓடியதாக முதலில் பரவலாக அறியப்பட்டது அதுதான்.

அமெரிக்கக் கருவிகள் 1.50 ஃபர்ம்வேருடன் வந்தன. அந்த ஓட்டை அதில் இல்லை. ஜூன் மாதம் ஸ்பெயின் நாட்டுக் குழு ஒன்று இரண்டு மெமரி ஸ்டிக்குகளைக் கொண்டு வழி கண்டது. முதல் அட்டையிலிருந்து கருவி கோப்பைச் சரிபார்த்து முடிக்கும் தறுவாயில் அதை உருவிவிட்டு, ஹோம்புரூ உள்ள அட்டையைச் செருக வேண்டும். ஒரு நொடி முந்தினாலும் பிந்தினாலும் வேலைக்காகாது, அட்டையும் தேயும். சில நாட்களிலேயே இந்த வித்தையைத் தேவையில்லாமல் செய்தது கேஎக்ஸ்பிளாய்ட் முறை. ஒரே பெயரில் இரண்டு ஃபோல்டர்கள் வைத்து, ஒன்றின் பெயருக்குப் பின்னால் சதவீதக் குறி சேர்த்தார்கள். குறி உள்ள ஃபோல்டரில் தலைப்பும் படமும், குறி இல்லாததில் நிரலும் இருக்கும். கருவி ஒன்றைப் படித்துக் காட்டிவிட்டு மற்றொன்றைச் சரிபார்க்காமல் ஓட்டியது. மெனுவில் ஒவ்வொரு விளையாட்டுக்கும் பக்கத்தில் 'சிதைந்த தரவு' என்ற சாம்பல் ஐகான் ஒன்று துணைக்கு நிற்கும். அதை மறைப்பதற்கென்றே தனி உத்திகள் புழங்கின.

இதனால் 1.50 ஃபர்ம்வேர் உள்ள கருவிக்குத் தனி மதிப்பு ஏற்பட்டது. புதிய யூஎம்டி விளையாட்டுகள் புதிய ஃபர்ம்வேரைக் கேட்டன. அப்டேட் அந்த வட்டிலேயே இருந்தது. போட்டுக்கொண்டால் ஹோம்புரூ போய்விடும், போடாவிட்டால் புதிய விளையாட்டு ஓடாது. ஓராண்டுக்கும் மேலாக ஆர்வலர்களை அலைக்கழித்த சிக்கல் இதுவே.

2.00 ஃபர்ம்வேரில் டிஃப் வகைப் படங்களைக் காட்டும் பகுதியில் பிழை இருந்தது. அதற்கென்று செய்த படத்தைத் திறந்ததும் நினைவகம் நிரம்பி வழிந்து, படத்துக்குள் ஒளிந்திருந்த நிரல் ஓடியது. செப்டம்பரில் இதை வைத்து 2.00இலிருந்து 1.50க்குத் திரும்பும் வழி வந்தது. அக்டோபரில் அதே போன்ற கருவி என்ற பெயரில் ஒரு நாசநிரல் பரவி, ஃபர்ம்வேரின் முக்கியக் கோப்புகளை அழித்துக் கருவியை முடக்கியது. சைமான்டெக் நிறுவனம் இதற்குப் பிஎஸ்பிபிரிக் என்று பெயரிட்டது. இலவசத்துக்கு ஆசைப்பட்டு, யார் எழுதியது என்றே தெரியாத கோப்பை ஓட்டியவர்கள் கருவியையே இழந்தார்கள்.

சேவ் கோப்புகள் வழியாக

அடுத்து வந்த வழிகள் பெரும்பாலும் விளையாட்டுகளின் சேவ் கோப்புகளில் இருந்தன. விளையாட்டு ஒரு சேவ் கோப்பைப் படிக்கும்போது, அதில் உள்ள பெயரின் நீளத்தையோ எண்ணின் அளவையோ சரிபார்க்காமல் விட்டிருந்தால் போதும். கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ: லிபர்ட்டி சிட்டி ஸ்டோரீஸ் விளையாட்டின் சேவ் கோப்பு வழியாக 2.00க்குப் பிந்தைய ஃபர்ம்வேர்களில் ஹோம்புரூவை ஏற்றித் தரும் ஃபஞ்சிதா என்பவரின் ஈலோடர் ஓடியது. 2007 ஜூனில் லூமினஸ் என்ற புதிர் விளையாட்டில் கண்டுபிடித்த பிழை 3.50 ஃபர்ம்வேரைத் திறந்தது. கடையில் தூங்கிக்கிடந்த அந்த வட்டின் விற்பனை உடனே எகிறியது. பின்னர் கிரிப்ஷிஃப்ட் என்ற கார் விளையாட்டும் இந்த வரிசையில் சேர்ந்தது.

வட்டு வாங்கும் செலவைக்கூட இல்லாமல் செய்தது 2010இல் வந்த ஹாஃப்-பைட் லோடர். வொலோலோ, மஸ்கிட்டோ என்ற புனைபெயர்களில் இயங்கிய இருவர் முன்னின்று எழுதியது இது. சோனி இலவசமாகக் கொடுத்த படாபான் 2 டெமோவின் சேவ் கோப்பை இது பயன்படுத்தியது. கருவியின் ஆழ்ந்த பகுதிகளைத் தொடும் அதிகாரம் இதற்குக் கிடையாது என்பதால் திருட்டுப் பிரதிகளை இதில் ஓட்ட முடியாது. ஹோம்புரூ மட்டும் ஓடும். ஹோம்புரூவைத் திருட்டிலிருந்து பிரித்துக் காட்டிய நேர்த்தியான வேலைப்பாடு இது. பிஎஸ்பி முயற்சிகளிலேயே மிகவும் பாராட்டத்தக்கது.

தனிப்பயன் ஃபர்ம்வேர்

ஸ்பெயினைச் சேர்ந்த டார்க் அலெக்ஸ் 2006 அக்டோபரில் வெளியிட்ட 2.71 எஸ்இ, புதிய ஃபர்ம்வேரின் வசதிகளையும் 1.50இன் திறந்த தன்மையையும் ஒரே கருவியில் கூட்டியது. முன்பு சொன்ன சிக்கல் அன்றோடு தீர்ந்தது. ஆர் பொத்தானை அழுத்திப் பிடித்துக் கருவியை இயக்கினால் மீட்பு மெனு வரும்; செயலி வேகத்தை மாற்றுவது முதல் பழுதுபார்ப்பது வரை அங்கே செய்யலாம். தொடர்ந்து ஓஇ, எம்33 என்ற வரிசைகள் வந்தன. சோனி அப்டேட் வெளியிட்ட சில நாட்களிலேயே அதன் எம்33 வடிவமும் வந்துவிடும் என்ற நிலை ஏற்பட்டது.

பண்டோரா பேட்டரி

2007 ஆகஸ்டில் வெளியான பண்டோரா பேட்டரி முறை, செத்துப்போன பிஎஸ்பிக்கும் உயிர் கொடுத்தது. சோனியின் பழுதுபார்ப்பு மையங்கள் சிறப்பு பேட்டரி ஒன்றைப் பயன்படுத்தின. பேட்டரிக்குள் இருக்கும் சிறு சில்லில் பதிந்த வரிசை எண், கருவிக்குத் தான் பழுதுபார்ப்பு நிலையில் இருப்பதாக அறிவிக்கும். ஆர்வலர்கள் சாதாரண பேட்டரியின் வரிசை எண்ணை மாற்றியோ, அதன் சில்லின் ஒரு காலைத் தூக்கிவிட்டோ அதே விளைவைப் பெற்றார்கள். இந்த பேட்டரியைச் செருகியதுமே, பவர் சுவிட்சைத் தொடாமல், பச்சை விளக்கு எரியும். கருவி உள்ளே இருக்கும் ஃபர்ம்வேரைக் கண்டுகொள்ளாமல் மெமரி ஸ்டிக்கிலிருந்து நிரலை எடுத்து ஓட்டும். நாசநிரலால் முடங்கிய கருவிகளும், அப்டேட் நடுவில் மின்சாரம் போய்க் கெட்ட கருவிகளும் இதனால் மீண்டன. பிஎஸ்பி-2000இன் பிற்கால போர்டுகளிலும் பிஎஸ்பி-3000இலும் சோனி இந்த வழியை அடைத்தது.

அடுத்த பெரிய திறப்பு வேறொரு கருவி வழியாக வந்தது. 2010 டிசம்பரில் பெர்லினில் நடந்த கேயாஸ் மாநாட்டில், பிளேஸ்டேஷன் 3 கருவியின் மின்கையொப்பத்தில் இருந்த பிழையை ஃபெயில்ஓவர்ஃப்ளோ குழு விளக்கியது. ஒவ்வொரு கையொப்பத்துக்கும் புதிதாக எடுக்க வேண்டிய எண்ணைச் சோனி மாற்றாமலே பயன்படுத்தியிருந்தது. அதையொட்டி அக்கருவிக்குள் இருந்த பிஎஸ்பியின் சாவிகளும் 2011 தொடக்கத்தில் வெளியே வந்தன. அதன்பின் ஹோம்புரூவுக்கு முறையான கையொப்பமே இட முடிந்தது. எந்த மாற்றமும் செய்யாத கருவியும் அதை ஏற்றுக்கொண்டது.

விளையாட்டுகள்

தொடக்க கால ஹோம்புரூவில் பெரும்பங்கு, மூல நிரல் திறந்துவிடப்பட்ட பழைய கணினி விளையாட்டுகளைப் பிஎஸ்பிக்குப் பெயர்த்தவை. ஐடி சாஃப்ட்வேர் டூம் விளையாட்டின் மூல நிரலை 1997இலும் குவேக்கின் மூல நிரலை 1999இலும் வெளியிட்டிருந்தது. இரண்டும் பிஎஸ்பிக்கு வந்தன. ஸ்கம்விஎம் என்ற மென்பொருளின் பிஎஸ்பி வடிவத்தில், உரிமையாளர்களே இலவசமாக்கிய பினீத் எ ஸ்டீல் ஸ்கை, ஃபிளைட் ஆஃப் தி அமேசான் குவீன் ஆகிய சாகச விளையாட்டுகளை எந்தச் சட்டச் சிக்கலும் இல்லாமல் ஆடலாம். டைசுகே அமயா தனியொருவராகச் சில ஆண்டுகள் உழைத்து 2004இல் இலவசமாக வெளியிட்ட கேவ் ஸ்டோரி விளையாட்டும் பெயர்க்கப்பட்டது. பிஎஸ்பியின் திரைக்கும் பொத்தான்களுக்கும் அது கச்சிதமாகப் பொருந்தியது.

பிஎஸ்பிக்கென்றே எழுதியவற்றில் சீட்டாட்ட வகையைச் சேர்ந்த வேஜிக், கட்டைகளை அடுக்கி உலகம் கட்டும் லேம்கிராஃப்ட் ஆகியவை பெயர் பெற்றவை. லுவா பிளேயர் வந்தபின், சி மொழி தெரியாத பள்ளி மாணவர்களும் குறிப்பேட்டில் எழுதுவதுபோல் நிரல் எழுதி மெமரி ஸ்டிக்கில் போட்டு ஓட்டிப் பார்த்தார்கள். கம்பைல் செய்யும் வேலை இல்லை. ஒரு எண்ணை மாற்றினால் பந்து வேகமாக ஓடுவதை மறு நிமிடமே பார்க்கலாம். நிரலாக்கம் கற்க இதைவிட நல்ல கருவி அக்காலத்தில் கையில் வைத்துக்கொள்ளும் அளவில் கிடைக்கவில்லை.

பழைய கருவிகளின் விளையாட்டுகளைப் பிஎஸ்பியில் ஓட்டும் எமுலேட்டர்களும் ஏராளம். ஜிபிஎஸ்பி, கேம் பாய் அட்வான்ஸ் விளையாட்டுகளை நல்ல வேகத்தில் ஓட்டியது. எமுலேட்டர் சட்டப்படியானதே, அதில் போடும் ரோம் கோப்புகள் பெரும்பாலும் பதிப்புரிமை உள்ளவை.

திருட்டுப் பிரதிகளும் சட்டமும்

தனிப்பயன் ஃபர்ம்வேர் யூஎம்டியின் நகலை மெமரி ஸ்டிக்கிலிருந்து ஓட்டியது. சொந்த வட்டைப் பாதுகாக்கவும் ஏற்றும் நேரத்தைக் குறைக்கவும் பலர் இதைப் பயன்படுத்தினார்கள். வாங்காத விளையாட்டைத் தரவிறக்கி ஆடியவர்களும் பலர். பின்னது திருட்டே. அதன் பொறுப்பு தரவிறக்கியவர்களையே சேரும். ஹோம்புரூ எழுதியவர்களைச் சேராது. அமெரிக்காவின் 1998ஆம் ஆண்டுச் சட்டம் பூட்டை உடைப்பதையே பொதுவாகத் தடுக்கிறது. இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012இல் சேர்ந்த 65ஏ பிரிவு, பதிப்புரிமையை மீறும் நோக்கத்துடன் பூட்டை உடைப்பதைக் குற்றமாக்கி, இரண்டாண்டு வரை சிறைத்தண்டனையும் அபராதமும் விதிக்கிறது. நோக்கத்தைப் பார்க்கும் இந்திய அணுகுமுறையே பொருத்தமானது.

இன்றைய நிலை

கடைசி அதிகாரபூர்வ ஃபர்ம்வேரான 6.61, 2015 ஜனவரியில் வந்தது. பிஎஸ்பிக்கான கடையில் வாங்கும் வசதி 2021 ஜூலை 2 அன்று நிறுத்தப்பட்டது. 6.61 உள்ள எந்த மாதிரியிலும் ஹோம்புரூ ஓடும். மைக்ரோ எஸ்டி அட்டையை மெமரி ஸ்டிக்காக மாற்றும் அடாப்டர் மலிவாகக் கிடைக்கிறது. பழைய பேட்டரிகள் வீங்குகின்றன, வீங்கியதைச் செருகக் கூடாது. 2012இல் ஹென்ரிக் ரிட்கார்ட் வெளியிட்ட பிபிஎஸ்எஸ்பிபி எமுலேட்டரில், பிஎஸ்பிக்காக எழுதிய ஹோம்புரூ விளையாட்டுகள் பல கைபேசியிலும் ஓடுகின்றன.