தேறலும் திரிகையும்: ஜெர்மானிய வீரயுகம் குறித்துச் சில குறிப்புகள்

'வீரயுகம்' என்ற சொல்லை நாம் வெகு சாதாரணமாகப் புழங்குகிறோம். எச்.எம். சாட்விக் 1912இல் வெளியிட்ட நூலில் கிரேக்க, ஜெர்மானியப் பாடல் மரபுகளை ஒப்பிட்டு வளர்த்த கருத்தாக்கம் இது. க. கைலாசபதி 1968இல் வெளியான தம் ஆங்கில ஆய்வு நூலில் சங்கப் பாடல்களை இந்த வெளிச்சத்தில் வாசித்தார். கிரேக்கத்தைப் பற்றி நாம் ஓரளவு பேசியாச்சு. ஜெர்மானியப் பக்கம் அவ்வளவாகப் போகவில்லை. போய்ப் பார்த்தால் அந்த வீரத்தின் அடியில் என்ன கிடக்கிறது என்று தெரியும்.

முதலில் 'ஜெர்மானியர்' என்ற பெயரே வெளியாள் வைத்தது. கோத், ஃபிராங்க், சாக்சன், லொம்பார்டு எனத் தனித்தனிப் பெயர்களில் திரண்ட, உடைந்த, மறுபடி திரண்ட கூட்டங்கள் இவை. கி.பி. 98இல் டாசிடஸ் எழுதிய 'ஜெர்மானியா', ரோமின் சீரழிவைக் குத்திக்காட்ட அயலானை வீரனாக்கிய பிரதி. அரசனைக் குலம் பார்த்தும் படைத்தலைவனை ஆற்றல் பார்த்தும் தேர்ந்தார்கள், தலைவன் விழுந்த களத்திலிருந்து உயிரோடு திரும்புவது ஆயுளுக்கும் இழிவு என்கிறது அது. இதன் பழைய கைப்பிரதியைத் தேடி 1943இல் ஹிம்லரின் ஆட்கள் இத்தாலியில் வீடு புகுந்தார்கள். ஒரு ரோமானியனின் புனைவு இனப்பெருமையின் மூலபாடமானது இப்படித்தான்.

குலமா, ஆற்றலா என்ற இந்த இழுபறி எப்படித் தீர்ந்தது? ஆறாம் நூற்றாண்டின் இறுதியில் தூர் நகர ஆயர் கிரிகோரி ஒரு கதை சொல்கிறார். 486 போரையொட்டி ஃபிராங்க் படை கொள்ளையடித்த பொருள்களில் தேவாலயக் குடம் ஒன்றும் இருந்தது. ஆயர் அதைத் திருப்பிக் கேட்டார். தன் பங்குக்கு மேலாக அந்தக் குடத்தைத் தரும்படி அரசன் குளோவிஸ் படையிடம் கேட்டான். எல்லோரும் சரி என்றார்கள். ஒருவன் மட்டும், சீட்டில் விழுவதுதான் உனக்கும் என்று கோடரியால் குடத்தை ஓங்கி அடித்தான். குளோவிஸ் வாய் திறக்கவில்லை. மறு வருஷம் படை அணிவகுப்பில், ஆயுதம் சரியில்லை என்று அவன் கோடரியைப் பிடுங்கித் தரையில் எறிந்தான். எடுக்கக் குனிந்தவனின் மண்டையைப் பிளந்தான். திருச்சபைக்கு வேண்டிய கதைதான், மறுக்கவில்லை. ஆனாலும் பங்காளி அரசனாக மாறும் கணம் இதில் பதிவாகியிருக்கிறது. செத்தவனைச் சமத்துவப் போராளி ஆக்கிவிடவும் வேண்டாம். அவன் காத்தது கொள்ளையர்களுக்குள்ளான சமத்துவம்.

அரசன் நிலைத்த பிறகு பங்கு கொடையாகிறது. சீட்டில் விழுந்தால் கடன் இல்லை. அரசன் கையால் வாங்கினால் உயிரே கடன். அந்தக் கடனை மறக்கவிடாமல் வைத்திருப்பதுதான் பாட்டு. இங்கிலாந்தின் சட்டன் ஹூவில் 1939இல் தோண்டிய ஏழாம் நூற்றாண்டுக் கப்பற்புதையலில் தலைக்கவசம், பைசாந்திய வெள்ளிப் பாத்திரங்களோடு ஒரு யாழின் துண்டுகளும் கிடைத்தன. நினைவும் அரசனின் உடைமை.

சரி, மண்டபத்தில் தேறல் ஓடுகிறது. விருந்துக்கு மாவு அரைத்தது யார்? இதற்குக் காவியம் பதில் சொல்லாது, சட்டம் சொல்லும். கி.பி. 600 வாக்கில் கென்ட் அரசன் ஏதெல்பெர்ட் வகுத்த சட்டமே ஆங்கிலத்தில் கிடைக்கும் மிகப் பழைய சட்டம். அரசன் வீட்டுப் பெண்ணோடு ஒருவன் படுத்தால் 50 ஷில்லிங், அவள் திரிகை சுற்றும் அடிமையானால் 25, மூன்றாந்தரமானால் 12. இந்த ஈடு போவது அரசனுக்கு, அவளுக்கல்ல.

காவியத்திலும் ஒரு விரிசல் இருக்கிறது. 3182 வரிகள் கொண்ட 'பெயோவுல்ஃப்', கி.பி. 1000 வாக்கிலான ஒரே கைப்பிரதியில்தான் பிழைத்திருக்கிறது. அடிக்குத் தப்பி ஓடிவந்த ஒருவன் நாகத்தின் புதையலிலிருந்து ஒரு கிண்ணத்தைத் திருடுவதால்தான் நாகம் விழித்து நாட்டை எரிக்கிறது, அரசன் சாகிறான். அந்தத் திருடன் யார் என்று சொல்லும் சொல்லில் முதல் எழுத்து மட்டுமே தெரிகிறது. மீதி தாளில் அழிந்துவிட்டது. அடிமை என்று பெரும்பாலோரும், பணியாள் வீரன் என்று சிலரும் நிரப்பி வாசிக்கிறார்கள். அரசனோடு போன வீரர்களில் பத்துப் பேர் காட்டுக்குள் ஓடிவிட, ஒருவனே நிற்கிறான். டாசிடஸ் சொன்ன விசுவாசம் அதன் மகத்தான பாட்டிலேயே உடைகிறது.

சங்கப் பாடல்களை வீரயுகம் என்று வாசிக்கிறவர்கள் இந்தச் சட்டத்தையும் அந்த அழிந்த சொல்லையும் பக்கத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். பாணனும் புரவலனும் மட்டுமே கண்ணில் படுகிற வாசிப்பு, மண்டபத்துக்கு உள்ளேயே உட்கார்ந்திருக்கிறது.