மன்றமும் அதன் நிலமும்: வானொலி நேயர் முதல் கொரிய இசையின் இணைய இரசிகர் வரை

மாத்தளையிலிருந்து தம்புள்ளை செல்லும் பெருந்தெருவுக்கு அண்மையில் நாலந்தா கெடிகே அமைந்துள்ளது. திராவிடக் கட்டடப் பாணியும் பௌத்த வழிபாட்டு மரபும் ஒன்றிணைந்த இக்கற்றளி, மகாவலித் திட்டத்தின் போவத்தென்ன நீர்த்தேக்கத்தால் மூழ்கும் நிலை ஏற்பட்டபோது, கல் கல்லாகப் பிரிக்கப்பட்டு, 1980இல் மீளக் கட்டியெழுப்பப்பட்டது. கட்டடம் பிழைத்தது. ஆயின் அது எங்கு நிற்பது என்பதைத் தீர்மானித்தது, நிலத்துக்கும் நீருக்கும் உரிமை பூண்ட அரசேயாகும். கலையின் பொருட்டுக் கூடும் இரசிகர் குழுக்களின் வரலாற்றிலும் இத்தகைய இடப்பெயர்வுகள் பல நிகழ்ந்துள்ளன. இன்று கொரிய மக்களிசையைச் சூழ்ந்து இணையத்தில் எழுந்துள்ள இரசிகர் மன்றங்களைப் புரிந்துகொள்ள, அவை கூடும் நிலம் யாருடையது என்ற வினாவிலிருந்தே தொடங்குதல் வேண்டும்.

இத்தகைய மன்றங்கள் கணினியோடு பிறந்தவை அல்ல. சிதறிக் கிடக்கும் கேட்போரைப் பெயரும் முகவரியும் உடைய கூட்டமாக்கிய முதற் சாதனங்களுள் வானொலியும் ஒன்று. இவ்வகையில் இலங்கைக்குச் சிறப்பிடம் உண்டு. 1950இல் இலங்கை வானொலியின் வர்த்தக ஒலிபரப்பு ஆரம்பமாயிற்று. 1952இல் இந்தியத் தகவல் ஒலிபரப்பு அமைச்சரான பி.வி. கெஸ்கர், அகில இந்திய வானொலியில் திரைப்பாடல்களுக்கு இடமளிக்க மறுக்கும் போக்கைக் கைக்கொண்டார். இந்திய நேயர் கொழும்பு நோக்கித் தம் வானொலிப் பெட்டிகளைத் திருப்பினர். அதே ஆண்டில் தொடங்கிய 'பினாக்கா கீத்மாலா' என்னும் இந்தி நிகழ்ச்சி பாடல்களை வரிசைப்படுத்தியபோது, இசைத்தட்டு விற்பனையோடு வட இந்திய ஊர்களில் அமைந்த நேயர் சங்கங்களின் விருப்பத்தையும் கணக்கிற் கொண்டது. தமிழ் ஒலிபரப்பும் கடல் கடந்து தென்னிந்திய நேயரைப் பெற்றது. ஒரு தபாலட்டையில் விருப்பப் பாடலை எழுதி, வானலையில் தன் பெயர் ஒலிக்கக் காத்திருந்த நேயர், வெறுமனே கேட்பவர் என்ற நிலையைக் கடந்துவிட்டார். 1957இல் இந்திய அரசு 'விவித பாரதி' சேவையை ஆரம்பிக்க நேர்ந்தமைக்கு, கொழும்பை நாடிய இந்நேயர் திரளும் ஒரு காரணமாகும். எனினும் நேயருக்கெனச் சொந்தமான நிலம் எதுவும் இருக்கவில்லை. அலைவரிசை அரசினுடையதாகவும் நிகழ்ச்சி விளம்பரதாரருடையதாகவும் இருந்தன.

தமிழகத் திரைப்பட இரசிகர் மன்றங்கள் இரண்டாவது கட்டத்தைச் சார்ந்தவை. சாதிப் படிநிலை கடந்து தமிழர் யாவரும் ஒரே கூரையின்கீழ் அமர்ந்த முதல் இடம் திரையரங்கு என்பதைப் பேராசிரியர் கா. சிவத்தம்பி எடுத்துக்காட்டியுள்ளார். அங்கு இருக்கையைத் தீர்மானித்தது பிறப்பன்று, கட்டணமே. அக்கூரையின்கீழ் உருவான கூட்டம் தெருமுனைக்கு வந்தபோது மன்றமாயிற்று. நாவலப்பிட்டியில் 1917இற் பிறந்த எம்.ஜி. இராமச்சந்திரன் 1972 ஒக்டோபரில் தி.மு.க.விலிருந்து நீக்கப்பட்டுப் புதிய கட்சியைத் தொடங்கியபோது, அவரது மன்றங்களே அக்கட்சியின் கிளைகளாக உருமாறின. 1977இல் அவர் ஆட்சி அமைத்தார். மன்றத்தின் வலிமைக்கு இதனினும் சிறந்த சான்று வேண்டியதில்லை. ஆயினும் அவ்வலிமை தலைவரின் சொல்லுக்குக் கட்டுப்பட்டது. நடிகர் அஜித்குமார் 2011இல் தம் மன்றங்களைக் கலைத்தார். இரஜினிகாந்த் 2021இல் தமது மக்கள் மன்றத்தைக் கலைத்து, மீண்டும் இரசிகர் மன்றமாகவே இயங்குமாறு பணித்தார். விஜயின் மக்கள் இயக்கம் 2024இல் கட்சியாயிற்று. மூன்று நிகழ்வுகளிலும் முடிவெடுத்தவர் நடிகரே. பல்லாண்டு காலம் சுவரொட்டி ஒட்டியும் இரத்ததானம் செய்தும் மன்றத்தை வளர்த்த உறுப்பினர், அம்முடிவின்படி ஒழுகினர்.

கொரியாவில் நிகழ்ந்தது இவற்றின் தொடர்ச்சியும் மாற்றமுமாகும். 1992இல் தோன்றிய 'சோ தைஜியும் பையன்களும்' என்ற குழுவின் பாடலொன்றுக்கு 1995இல் தணிக்கையாளர் தடை கூறினர். குழுவினர் சொற்களை நீக்கி இசையை மட்டும் வெளியிட்டனர். இரசிகர் கிளர்ந்தெழுந்தனர். பாடகர் ஜொங் தே-சுன் முன்னரே நடத்திவந்த போராட்டமும் இதனோடு சேர, 1996இல் இசைக்கான முன்தணிக்கை ஒழிந்தது. தொலைபேசி இணைப்புவழி இயங்கிய ஹைட்டெல், சொலியன், நவ்னூரி போன்ற கணினித் தொடர்பு சேவைகள் அக்கால இரசிகர் கூடுமிடங்களாயின. 1996இல் அறிமுகமான எச்.ஓ.ரி. குழுவோடு, நிறுவனமே உறுப்பினரைச் சேர்த்து நடத்தும் மன்றமுறை வலுப்பெற்றது.

இதன்பின் வந்தது இடப்பெயர்வுகளின் காலம். 1999இல் 'தாவும்' நிறுவனத்தின் இணையக் கூடங்கள் தோன்றின. 'பிரீச்சல்' என்னும் தளம் 2002இல் குழுக்களிடம் கட்டணம் கேட்டபோது, பயனாளர் திரளாக வெளியேறினர். பி.ரி.எஸ். குழுவின் 'ஆர்மி' என்னும் இரசிகர் திரள் 2013இல் பெயர் பெற்றுத் தாவும் கூடத்தில் வளர்ந்தது. 2019இல் அக்குழுவின் நிறுவனம் சார்ந்த 'வீவர்ஸ்' தளம் ஆரம்பிக்கப்பட்டதும் அங்கு குடிபெயர்ந்தது. 2015 முதல் இயங்கிய 'வி லைவ்' ஒளிபரப்புத் தளம் 2022 இறுதியில் மூடப்பட்டது. கூட்டம் கலையவில்லை. ஆனால் கலைஞரை உருவாக்குவோரும், அவர் பாடலை விற்போரும், இரசிகர் பேசும் முற்றத்தை உடையோரும் ஒரே நிறுவனமாயினர். இந்நிலை வானொலிக் காலத்தில் காணப்படாதது.

இம்முற்றத்தில் இரசிகர் ஆற்றும் பணியை உழைப்பென்றே கொள்ளல் வேண்டும். மொழி பெயர்க்கின்றனர், வாக்களிக்கின்றனர், தரவரிசையில் உயர்த்துவதற்காக ஒரே பாடலை மீண்டும் மீண்டும் ஒலிக்கவிடுகின்றனர். உள்ளே வைக்கப்படும் நிழற்படத்துக்காக ஒரே இறுவட்டின் பல படிகளை வாங்குகின்றனர். வாரக்குடியின் விளைச்சலிற் பெரும்பங்கு நிலவுடைமையாளனுக்குச் சேர்வது போல, இவ்வுழைப்பின் பயனும் நிறுவனத்தையே பெரிதும் சேர்கின்றது.

ஆயினும் இரசிகரை ஏமாளிகள் என ஒதுக்குவது வரலாற்றுக்குப் பொருந்தாது. 2009இல் 'தொங் பாங் ஷின் கி' குழுவின் மூவர் 13 ஆண்டு ஒப்பந்தத்தை எதிர்த்து நீதிமன்றம் சென்றபோது, இரசிகர் இலட்சத்துக்கும் மேற்பட்ட கையொப்பங்களைத் திரட்டி மனித உரிமை ஆணைக்குழுவிடம் ஒப்படைத்தனர். நிறுவனம் வகுத்த மன்றத்தில் இணைந்தோரே அந்நிறுவனத்துக்கு எதிராகக் கலைஞரின் பக்கம் நின்றனர். 2020 ஜூனில், அமெரிக்கக் கறுப்பின மக்களின் உரிமை இயக்கத்துக்குப் பி.ரி.எஸ். குழு 10 இலட்சம் டொலர் வழங்கிய செய்தி வெளிவந்ததும், இரசிகர் ஒரு நாளளவிலேயே அதற்கிணையான தொகையைத் தாமாகச் சேர்த்தனர். தமிழக மன்றங்களிற் பெரும்பாலும் நகர்ப்புற ஏழை இளைஞரும், கொரிய மன்றங்களில் இளம் பெண்களும் மிகுந்திருந்தனர். கற்றோர் இரு சாராரையும் ஏளனமாகவே நோக்கினர். ஏளனத்துக்குள்ளானோர் தமக்கெனப் பொதுவாழ்வொன்றைச் சமைத்துக்கொண்டனர் என்பதே நாம் மனங்கொள்ள வேண்டியது.

இவ்வரலாற்றுக்கு ஆதாரம் எங்கே என்பது இறுதி வினா. கெடிகேயின் கற்களைப் பேணுவது அரசின் கடமையாகக் கொள்ளப்பட்டது. நேயர் எழுதிய தபாலட்டைகளையும், மூடப்பட்ட தளங்களில் இரசிகர் எழுதிக் குவித்த சொற்களையும் காப்பது எவருடைய கடமையாகவும் கருதப்படவில்லை. நிலம் பிறருடையதாயின், அதன் வாயில் அடைபடும் நாளில் கூட்டத்தின் நினைவும் அடைபடும். மன்ற அறிக்கை, உறுப்பினர் பட்டியல், மலர், கடிதம் ஆகியவற்றின் படிகளை மன்றத்தாரே தம் கையில் வைத்திருத்தல் இதற்கான முதற் காப்பு. பாட்டைக் கேட்டவர்களின் வரலாறு, பாடியவர்களின் புகழுரைக்குள் கரைந்துபோகாதிருக்க அது ஒன்றே வழி.