படச்சுருளின் சாட்சியம்

எங்கே, என்று, யாரால் எடுக்கப்பட்டது என்று தெரியாத பழைய படச்சுருளைச் சான்றாகக் கொள்ள முடியாது. அந்த மூன்றுக்கும் விடை தேடித் தருவதே படக்காப்பகத்தாரின் பணி. ஒரு வரலாற்று ஆவணப்படத்தை நாம் நம்பலாமா என்பது பெரும்பாலும் இவர்களின் பதிவேட்டைப் பொறுத்தே அமைகிறது.

பழைய சுருள்களைக் கொண்டே முழுப்படம் ஆக்கலாம் என்று காட்டிய முன்னோடி, சோவியத் படத்தொகுப்பாளர் எஸ்ஃபிர் ஷூப். சிதறிக் கிடந்த செய்திப்படங்களையும், ஜார் குடும்பத்தாருக்காக எடுக்கப்பட்ட சுருள்களையும் அவர் தேடிச் சேர்த்தார். சுமார் 60,000 மீட்டர் படத்தைப் பார்த்து, ஏறத்தாழ 1,500 மீட்டருக்குச் சுருக்கி, 1927-இல் 'ரொமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி'யைத் தந்தார். அரண்மனை தன் பெருமைக்காக எடுத்து வைத்த காட்சிகளே அதன் வீழ்ச்சிக்குச் சாட்சி சொல்லின.

நம் காலத்துச் சான்று, 2019-இல் வெளிவந்த 'அப்போலோ 11'. டாட் டக்ளஸ் மில்லர் இயக்கிய இப்படத்துக்காக அமெரிக்கத் தேசிய ஆவணக் காப்பகம் தன் கிடங்கைத் துழாவியபோது, அகலப் படச்சுருள்கள் 165 கிடைத்தன. அவற்றில் 61 நேரடியாக அப்போலோ 11 நிலவுப் பயணத்தைச் சேர்ந்தவை. ஏவுதளத்தின் காலை வெளிச்சமும் வேடிக்கை பார்க்கக் கூடிய மக்களின் முகங்களும் அரை நூற்றாண்டுக்குப் பின் நிறம் மங்காமல் திரைக்கு வந்தன. இச்சுருள்களைப் பிரதியெடுக்கவே தனி ஸ்கேனர் உருவாக்க வேண்டியிருந்தது.

இன்னும் அரியது ஒலியைச் சேர்த்த வேலை. ஹூஸ்டன் கட்டுப்பாட்டு அறையில் 16 மி.மீ. கேமராவில் பதிவானவை ஊமைக் காட்சிகள். அங்கே நடந்த உரையாடல்களோ 11,000 மணி நேர ஒலிநாடாக்களில் தனியே கிடந்தன. பிரிட்டனைச் சேர்ந்த ஸ்டீபன் ஸ்லேட்டர், யார் எந்த நொடியில் பேசுகிறார் என்று உதட்டசைவைக் கூர்ந்து பார்த்து, அதற்குரிய குரலை நாடாக்களில் தேடிப் பொருத்தினார். ஒரு வாக்கியம் பொருந்தினால் போதும், அந்தக் காட்சி பயணத்தின் எந்தக் கட்டத்தைச் சேர்ந்தது என்பது உறுதியாகிவிடும். பின்னணி வருணனையாளர் எவருமின்றி அப்படம் தன் கதையைச் சொல்ல முடிந்ததற்கு இத்தகைய உழைப்பும் ஒரு காரணம்.

இதன் எதிர்ப்பக்கத்தையும் எண்ணிப் பார்க்க வேண்டும். ஒரு போரின் காட்சியை வேறொரு போருக்கு ஒட்டவைப்பதும், பின்னர் நடித்து எடுத்ததை நிகழ்வாகக் காட்டுவதும் ஆவணப்படங்களில் நடந்திருக்கின்றன. பார்ப்பவருக்கு வேறுபாடு தெரியாது. தெரிந்தவர் காப்பகத்தார் ஒருவரே. 'இது அந்த நாளின் காட்சி அன்று' என்று அவர் சொன்னால், எத்தனை அழகிய காட்சியானாலும் இயக்குநர் விட்டுவிட வேண்டும்.

ஆகவே, படம் முடியும் தறுவாயில் காட்சி கேட்டு நிற்காமல், எழுத்துக் கட்டத்திலேயே இவர்களை அழைத்துக்கொள்வதே முறை. இன்று எவரும் கேட்காத சுருளையும் விவரக்குறிப்போடு பேணுவதற்கு அரசுகள் பணம் ஒதுக்க வேண்டும். அந்த 165 சுருள்களை 1969-க்குப் பின் எவரேனும் குப்பையென்று கழித்திருந்தால், எந்த இயக்குநரின் திறமையாலும் அவற்றை மீட்டிருக்க முடியாது.