இரண்டு இசைத்தட்டும் ஒரு பட்டப்பெயரும்: சிட் பாரெட்டின் தனிவழி

பிங்க் புளொய்ட் பற்றி யார் எழுதினாலும் சிட் பாரெட்டுக்கு இரண்டு இடம் ஒதுக்குவார்கள். ஒன்று 1967: குழுவுக்குப் பெயர் வைத்து, பாட்டெழுதி, கிற்றார் வாசித்து, முன்னால் நின்று பாடிய வடிவான பெடியன். மற்றது 1975: தலையையும் புருவத்தையும் மழித்து, உடம்பு வைத்து, பழைய நண்பர்களுக்கே ஆள் மட்டுக்கட்ட முடியாதபடி ஸ்ரூடியோவுக்குள் வந்து நின்ற உருவம். இரண்டுக்கும் நடுவில் நடந்ததை "பிறகு தனியா ரெண்டு அல்பம் செய்தவர், ஆளுக்கு மனநிலை சரியில்லாமல் போயிட்டுது" எண்டு ஒரு வரியில் முடித்துவிடுவார்கள்.

இந்தக் கட்டுரை அந்த ஒரு வரியைப் பற்றியது. அந்த இரண்டு அல்பமும் ஒரே வருடத்தில், 1970இல் வந்தவை. முதலாவது வெளியானபோது பாரெட்டுக்கு 24 வயதாக இன்னும் மூன்று நாள் இருந்தது. இரண்டாவது அதே வருடம் நவம்பரில் வந்தது. அதற்குப் பிறகு, 2006இல் சாகும்வரை, அவர் ஒரு புதிய அல்பமும் தரவில்லை. கணக்குப் பார்த்தால் எங்கள் பட்டப்படிப்புக் காலத்தைவிடச் சின்னதொரு இசைப்பயணம்.

முதலில் பின்னணியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ரொஜர் கீத் பாரெட் 1946 ஜனவரி 6ஆம் திகதி இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜில் பிறந்தார். தந்தை நோயியல் மருத்துவர். மகனுக்கு 15 வயதாக இருக்கும்போது, 1961 டிசெம்பரில் அவர் காலமானார். சிட் ஓவியம் படிக்கத்தான் லண்டன் போனார். கம்பர்வெல் கலைக்கல்லூரி மாணவர். அங்கே கட்டடக்கலை படித்துக்கொண்டிருந்த ரொஜர் வோட்டர்ஸ், நிக் மேசன், றிச்சர்ட் றைட் ஆகியோருடன் சேர்ந்து வாசிக்கத் தொடங்கினார். பிங்க் அண்டர்சன், புளொய்ட் கவுன்சில் என்ற இரண்டு அமெரிக்கக் கறுப்பின புளூஸ் கலைஞர்களின் முதற்பெயர்களை ஒட்டவைத்துக் குழுவுக்குப் பெயர் வைத்தவர் அவர்தான்.

1967இல் எல்லாமே வேகமாக நடந்தது. மார்ச்சில் முதல் தனிப்பாடல் 'ஆர்னல்ட் லேன்'. கொடியில் காயும் பெண்களின் உடுப்பைத் திருடுகிற ஒருவனைப் பற்றிய பாட்டு என்பதால் ரேடியோ லண்டன் ஒலிபரப்ப மறுத்தது. யூனில் வந்த 'சீ எமிலி பிளே' பிரித்தானியத் தரவரிசையில் 6ஆம் இடம்வரை ஏறியது. ஓகஸ்டில் 'த பைப்பர் அற் த கேற்ஸ் ஒஃப் டோன்' அல்பம். சைக்கடெலிக் றொக் என்ற வகைக்கே இன்றும் உதாரணம் காட்டுகிற இசைத்தட்டு அது. அதன் 11 பாடல்களில் 8 பாரெட் தனியாக எழுதியவை. குழு என்றால் அவர்தான் என்று சொல்லுமளவுக்கு நிலைமை இருந்தது.

அந்த வருட முடிவுக்குள் அது உடைந்தது. எல்.எஸ்.டி. பாவனை, ஓயாத பயணம், 'அடுத்த ஹிற் எங்கே' என்ற கொம்பனியின் நெருக்கடி எல்லாம் சேர்ந்து நின்றன. மேடையில் ஒரே சுரத்தையே விடாமல் வாசித்துக்கொண்டு நின்றார், சில நேரம் வாசிக்கவே இல்லை என்று உடனிருந்தவர்கள் சொல்கிறார்கள். கேம்பிரிட்ஜ் நண்பன் டேவிட் கில்மரை இன்னொரு கிற்றார்காரராகச் சேர்த்தார்கள். கொஞ்ச நாள் ஐந்து பேராக ஓடியது. 1968 ஜனவரி 26, சவுதாம்ப்டனில் ஒரு நிகழ்ச்சி. போகிற வழியில் சிட்டை ஏற்றுவமா என்ற கேள்வி வந்தது. வேண்டாம் என்று விட்டுவிட்டுப் போனார்கள். ஏப்ரலில் பிரிவு அதிகாரபூர்வமாக அறிவிக்கப்பட்டது.

இதில் பலரும் கவனிக்காத ஒரு விஷயம் இருக்கிறது. குழுவின் முகாமையாளர்கள் பீற்றர் ஜெனரும் அன்ட்ரூ கிங்கும் அன்று குழுவோடு நிற்கவில்லை, பாரெட்டோடு போனார்கள். பாட்டு எழுதுகிறவன் இவன்தானே, மற்றவர்களுக்கு இனி என்ன எதிர்காலம் என்பது அவர்களின் கணக்கு. ஐந்து வருடத்தில் 'த டார்க் சைட் ஒஃப் த மூன்' அந்தக் கணக்கைத் தலைகீழாக்கியது. ஆனால் 1968இல் அது முட்டாள்தனமான கணக்கு இல்லை. தனியாகப் போன பாரெட்டை ஒரு 'கைவிடப்பட்ட கேஸ்' ஆக அப்போது யாரும் பார்க்கவில்லை என்பதற்கு இதுவே சாட்சி.

ஜெனர் 1968 மே மாதமே அவரை அபி றோட் ஸ்ரூடியோவுக்குக் கூட்டிக்கொண்டு போனார். பெரிதாக ஒன்றும் தேறவில்லை. 1969 வசந்தத்தில் நிலைமை மாறியது. திரும்பவும் பாட வேண்டும் என்று ஈ.எம்.ஐ. கொம்பனியைத் தொடர்புகொண்டது பாரெட்தான். யாரும் அவரை இழுத்துக்கொண்டு வரவில்லை. ஈ.எம்.ஐ. அப்போதுதான் புதுவகை றொக்குக்காக 'ஹார்வெஸ்ட்' என்ற லேபலைத் தொடங்கியிருந்தது. அதன் பொறுப்பாளர் மல்கம் ஜோன்ஸ் தானே தயாரிப்பாளராக இருந்து ஏப்ரலில் ஒலிப்பதிவைத் தொடங்கினார்.

பொதுவாக ஒரு றொக் பாட்டு எப்படிப் பதிவாகும்? முதலில் ட்ரம்ஸ், பேஸ் கிற்றார். அதாவது அத்திவாரம். பிறகு அதற்கு மேல் கிற்றார், கடைசியில் குரல். பாரெட்டின் பல பாடல்கள் தலைகீழாகக் கட்டப்பட்டவை. அவர் கிற்றாரோடு தனியாகப் பாடி முடிப்பார். மற்ற வாத்தியக்காரர்கள் பிறகு வந்து அதன்மேல் வாசிக்க வேண்டும். பிரச்சினை என்னவென்றால் அவருடைய தாளம் சீராக நிற்காது. ஒரு வரியில் நாலு அடி, அடுத்ததில் ஐந்து, மூச்சு முடியும் இடத்தில் ஒரு அரை அடி. மறுமுறை பாடினால் வேறு மாதிரி. சொஃப்ற் மெஷின் குழுவினர் சில பாடல்களுக்கு இப்படி மேல்வாசிப்புச் செய்தார்கள். அந்தக் குழுவின் ட்ரம்ஸ்காரர் றொபர்ட் வயற் பின்னாளில் நினைவுகூர்ந்தார்: இது எந்தச் சுருதியில் இருக்கிறது என்று கேட்டால், பாரெட் 'ஓம்' என்று பதில் சொல்வாராம்!

சிரிப்பு வரும்தான். ஆனால் 'நோ குட் ட்ரையிங்' பாடலைக் கேட்டுப் பாருங்கோ. வாத்தியங்கள் பாடகரைத் துரத்திக்கொண்டு ஓடுகின்றன, ஒரு இடத்தில் பிடிக்கின்றன, திரும்ப நழுவவிடுகின்றன. பிழையா புதுமையா என்று கேட்டால் இரண்டும்தான் என்பேன். நாங்கள் விருத்தம் பாடுவதைக் கேட்டு வளர்ந்த ஆக்கள். சொல்லின் நீளத்துக்கு ஏற்ப இசை நீள்வது எங்களுக்குப் புதினம் இல்லை. நாலு அடிக்குள் எல்லாத்தையும் அடக்கிய றொக் காதுக்குத்தான் அது அதிர்ச்சி.

பாதியில் பொறுப்பு கில்மரிடமும் வோட்டர்ஸிடமும் வந்தது. தாங்கள் வெளியேற்றிய நண்பனின் இசைத்தட்டைத் தாங்களே முடித்துக்கொடுக்க முன்வந்தார்கள். குற்றவுணர்வா, நட்பா, இரண்டுமா, அது அவர்களுக்குத்தான் வெளிச்சம். அதே நேரம் பிங்க் புளொய்டின் 'உம்மகும்மா' வேலையும் நடந்துகொண்டிருந்ததால் நேரம் இல்லை. 1969 யூனிலும் யூலையிலும் விரல்விட்டு எண்ணக்கூடிய அமர்வுகளில் மிச்சப் பாடல்களை முடித்தார்கள். 1970 ஜனவரி 3இல் 'த மட்கப் லாஃப்ஸ்' வெளியானது. பிரித்தானியத் தரவரிசையில் 40ஆம் இடம்.

என்னுடைய கேள்வி இந்த அல்பத்தின் இரண்டாம் பக்கத்தில்தான் தொடங்குகிறது. 'இஃப் இற்ஸ் இன் யூ' என்ற பாட்டு. பாரெட் தொடங்குகிறார், உச்சஸ்தாயியில் குரல் உடைகிறது, நிறுத்துகிறார், ஏதோ விளக்கம் சொல்கிறார், திரும்பத் தொடங்குகிறார். அதற்கு முந்திய பாட்டுகளுக்கு இடையில் தாள் புரட்டும் சத்தமும் கேட்கிறது. இதெல்லாம் தவறுதலாக உள்ளே வந்தவை இல்லை. தயாரிப்பாளர்கள் வேண்டுமென்றே விட்டுவைத்தவை. உண்மையான சிட் எப்படி இருக்கிறார் என்று காட்ட விரும்பியதாகக் கில்மர் பின்னர் விளக்கம் சொன்னார். தொடக்கத்தில் வேலை செய்த மல்கம் ஜோன்ஸுக்கு அது பிடிக்கவில்லை. பாரெட்டைத் திறமையற்றவராகக் காட்டுகிறது என்பது அவருடைய கவலை.

நான் ஜோன்ஸின் பக்கம். ஏனென்றால் பிழைவிடாத பாடகர் உலகத்தில் இல்லை. அதே கட்டடத்தில் பதிவு செய்த பீற்றில்ஸும் குரல் உடைந்து, சிரித்து, திட்டி, திரும்பத் தொடங்கியவர்கள்தான். அவர்களின் பிழைகள் களஞ்சிய அறையில் கிடந்தன, இவருடையது அல்பத்துக்குள் போனது. எல்லாருடைய பிழையும் வெட்டப்படுகிற இடத்தில் ஒருவருடையது மட்டும் விடப்பட்டால், கேட்பவருக்கு அது 'உண்மை'யாகப் படாது, 'அறிகுறி'யாகத்தான் படும். நாங்கள் பாட்டுக் கேட்கிறவராக இல்லாமல் நோயாளியைப் பார்க்கப் போனவராக மாறிவிடுகிறோம். தலைப்பும் அதற்குத் துணைபோகிறது. 'மட்கப்' என்ற சொல்லை எங்கள் தமிழில் சொன்னால் 'அரைவிசர்' என்பதற்குக் கிட்ட வரும். அரைவிசர் சிரிக்கிறான் எண்டு அட்டையில் எழுதிப்போட்டு விற்றால் உள்ளே இருப்பதை வேறு எப்படிக் கேட்பார்கள்?

ஆனால் அதே அல்பத்தில் அந்தப் பட்டப்பெயருக்கு எதிரான சாட்சிகள் நிறையவே இருக்கின்றன. 'கோல்டன் ஹெயர்' என்ற பாட்டின் வரிகள் ஜேம்ஸ் ஜொய்ஸ் 1907இல் வெளியிட்ட 'சேம்பர் மியூசிக்' தொகுப்பில் உள்ள கவிதை. மிகச் சில சுரங்கள், நீண்ட மௌனம், ஒரு சொல்கூட மேலதிகமாக அழுத்தப்படாத குரல். நிதானம் இல்லாத ஒருவரால் அதைச் செய்ய முடியாது. 'ஒக்ரோபஸ்' பாடல் வெளிப்பார்வைக்குப் பிதற்றல் போல இருக்கும். ஆனால் அதன் வரிகளுக்குள் பழைய ஆங்கிலச் சிறுவர் பாடல்களின் துணுக்குகள் ஒட்டுவேலையாகச் சேர்க்கப்பட்டிருப்பதை ஆராய்ந்தவர்கள் எடுத்துக்காட்டியிருக்கிறார்கள். அது நிறைய வாசித்த ஒருவரின், ஓவியக் கல்லூரியில் ஒட்டுச்சித்திரம் பழகிய ஒருவரின் வேலை. அட்டைப்படத்தில் தெரியும் செம்மஞ்சளும் ஊதாவும் மாறிமாறி வரும் தரைகூட அவரே தன் அறைக்குப் பூசிய நிறம்தான்.

இரண்டாவது அல்பம் 'பாரெட்'. கில்மரும் றைட்டும் தயாரித்தார்கள், ஜெரி ஷேர்லி ட்ரம்ஸ். 1970 பெப்ரவரியில் தொடங்கி யூலைவரை வேலை நடந்தது. இந்த முறை கில்மர் பாடம் படித்திருந்தார். எல்லாரும் ஒன்றாக வாசிப்பது, முன்கூட்டியே தடம் போட்டுவைத்து அதன்மேல் அவரைப் பாடவைப்பது, அவர் தனியாகப் பாடியதைச் சுற்றிப் பிறகு கட்டுவது என மூன்று வழியையும் முயன்று பார்த்தார்கள். எது சரிவருகிறதோ அது. 'டொமினோஸ்' பாடலில் வரும் கிற்றார் தனிவாசிப்பு இன்னும் விசேஷம். ஒலிநாடாவைத் தலைகீழாக ஓடவிட்டார்கள், பாரெட் அதற்கு வாசித்தார், திரும்ப நேராக்கியபோது கிற்றார் பின்னோக்கி மூச்சிழுப்பதுபோல ஒலித்தது. முதல் தடவையிலேயே சரியாக அமைந்ததாம். அந்தப் பாட்டில் ட்ரம்ஸ் வாசித்தது கில்மர். தோல்விகளைக் காட்சிக்கு வைக்காமல் ஆளைத் தாங்கிப்பிடிக்கிற ஒரு அல்பம் இது. விமர்சகர்கள் முதலாவதைத்தான் கூடப் புகழ்வார்கள். எனக்கு இரண்டாவதில் உள்ள அக்கறை பிடித்திருக்கிறது. அது தரவரிசைக்குள் வரவில்லை.

மேடை அவருக்குத் திரும்ப அமையவில்லை. 1970 யூன் 6, லண்டன் ஒலிம்பியாவில் கில்மரும் ஷேர்லியும் கூட வாசிக்க நாலு பாட்டுப் பாடினார். பிறகு கிற்றாரைக் கீழே வைத்துவிட்டு இறங்கிப் போய்விட்டார். 1972இல் கேம்பிரிட்ஜில் 'ஸ்ரார்ஸ்' என்றொரு குழு. சில நிகழ்ச்சிகள், 'மெலடி மேக்கர்' பத்திரிகையில் ஒரு மோசமான விமர்சனம், அதோடு முடிந்தது. 1974இல் ஜெனர் திரும்பவும் ஸ்ரூடியோவுக்குக் கூட்டிப்போனார். சில நாட்கள் கிற்றார் வாசித்தார், பாட்டு வரவில்லை. அதற்கடுத்த வருடம்தான் எல்லாரும் சொல்லும் அந்த யூன் 5. அவரைப் பற்றிய 'ஷைன் ஒன் யூ கிரேசி டயமண்ட்' பாடலை அபி றோட்டில் கலவை செய்துகொண்டிருக்கும்போது அவரே வந்து நின்றது. அந்தக் கதையை ஆயிரம் பேர் சொல்லிவிட்டார்கள். நான் விட்டுவிடுகிறேன்.

அதற்குப் பிறகு அவர் கேம்பிரிட்ஜுக்குத் திரும்பி, பழையபடி ரொஜர் என்ற சொந்தப் பெயருக்கே போனார். படம் வரைந்தார், வரைந்ததைப் புகைப்படம் எடுத்துவிட்டு அழித்தார், தோட்டம் செய்தார். ரசிகர்களும் பத்திரிகைக்காரர்களும் கதவைத் தட்டிக்கொண்டே இருந்தார்கள். ஈ.எம்.ஐ. 1988இல் வெளிவராத பதிவுகளைச் சேர்த்து 'ஓபல்' என்று ஒரு தொகுப்பு வெளியிட்டது. 2006 யூலை 7இல் புற்றுநோயால் காலமானார், வயது 60. அவருக்கு இந்த நோய், அந்த நோய் என்று உலகம் முழுக்க எழுதியிருக்கிறார்கள். எழுதியவர்களில் ஒருவரும் அவருடைய வைத்தியர் இல்லை.

எங்களுக்கும் இதில் பங்கு இருக்கிறது. கலைப்பீடத்துப் பெடியளாகிய நாங்கள் 'கலைஞன் எண்டால் கொஞ்சம் கழண்டிருக்கத்தான் வேணும்' என்று சர்வசாதாரணமாகக் கதைக்கிற ஆக்கள். ஒருவன் கஷ்டப்படும்போது பக்கத்தில் இருக்க மாட்டோம், பிறகு அந்தக் கஷ்டத்தை அவனுடைய மேதைமைக்கு அத்தாட்சியாகக் காட்டுவோம். பாரெட் விஷயத்தில் எனக்குத் தெரிவது இதற்கு எதிரானது: அவருடைய நல்ல பாட்டுகள் நோயால் வந்தவை இல்லை, நோயோ களைப்போ எதுவோ அமுக்கிக்கொண்டிருக்க, அதையும் மீறி வந்தவை. அமுக்கம் கூடியபோது பாட்டுத்தான் நின்றது. நிறுத்திய பிறகு வாழ்ந்த முப்பது சொச்ச வருடத்தை நாங்கள் 'வீணாய்ப்போன' வருடங்கள் என்கிறோம். வரைந்தும் தோட்டம் செய்தும் அதை வாழ்ந்தவரிடம் யாரும் கேட்கவில்லை.

கேட்க விரும்பினால் எனது சிபாரிசு இந்த வரிசை: 'டெரப்பின்', 'ஒக்ரோபஸ்', 'கோல்டன் ஹெயர்', 'லேற் நைற்', பிறகு இரண்டாவது அல்பத்தில் 'பேபி லெமனேட்', 'டொமினோஸ்'. 'இஃப் இற்ஸ் இன் யூ'வைக் கடைசிக்கு வையுங்கோ. மற்ற ஆறையும் கேட்ட பிறகு அந்தக் குரல் உடைகிற இடம் வரும்போது, ஒரு வேலைநாளில் களைத்துப்போன பாடகன் ஒருவன் திரும்பத் தொடங்குவது மட்டும்தான் உங்களுக்குக் கேட்கும்.