இலங்கையின் ஹோட்டல்கள்: எண்ணிக்கைகளுக்குப் பின்னால் ஒரு வரலாறு

இலங்கையின் உல்லாசப் பயணத்துறை மீண்டெழுந்துவிட்டது என்ற செய்தியைக் கடந்த சில வருடங்களாக அடிக்கடி படிக்கிறோம். 2024 ஆம் ஆண்டில் நாட்டுக்கு வந்த வெளிநாட்டுப் பயணிகளின் தொகை 20 இலட்சத்தைத் தாண்டியது. 2018 ஆம் ஆண்டுக்குப் பிறகு அந்த எல்லை கடக்கப்பட்டது அதுவே முதற்தடவை. வங்குரோத்து நிலைக்குச் சென்று திரும்பிய ஒரு நாடு இதையிட்டு மகிழ்ச்சி அடைவதில் தவறேதும் இல்லை. ஆனால், 'மீட்சி' என்ற சொல் இந்தத் துறைக்குப் புதியதல்ல. பத்திரிகைப் பணியில் இருந்த காலத்தில் அதே சொல்லைத் தலைப்பில் இட்டு எத்தனை செய்திகளை அச்சுக்கு அனுப்பியிருப்பேன் என்று எண்ணிப் பார்க்கிறேன். ஒவ்வொரு மீட்சிக்கும் முன்னால் ஒரு வீழ்ச்சி இருந்தது. அந்த வீழ்ச்சி ஏன் நேர்ந்தது என்ற கேள்வியை மட்டும் எவரும் அதிக நாட்கள் நினைவில் வைத்திருந்ததில்லை.

இலங்கையின் ஹோட்டல் வரலாறு துறைமுகத்துடன் தொடங்குகிறது. காலிமுகத்திடலின் தென்கோடியில் கோல்ஃபேஸ் ஹோட்டல் 1864 ஆம் ஆண்டில் திறக்கப்பட்டது. ஐந்து வருடங்களில் சூயஸ் கால்வாய் திறக்கப்படவே ஐரோப்பாவிலிருந்து கிழக்கு நாடுகளுக்கும் அவுஸ்திரேலியாவுக்கும் செல்லும் கப்பல்கள் பெருகின. 1875 இல் கொழும்புத் துறைமுகத்தின் அலைதடுப்பு அணைக்கு அத்திவாரம் இடப்பட்டது. அதே வருடம், முன்னர் படையினரின் குடியிருப்பாக விளங்கிய கட்டிடத்தில் கிராண்ட் ஓரியண்டல் ஹோட்டல் இறங்குதுறைக்கு எதிரிலேயே திறக்கப்பட்டது. ரஷ்ய எழுத்தாளர் அன்ரன் செக்கோவ் 1890 இல் கொழும்பில் தங்கியதும் அந்த ஹோட்டலில்தான். கல்கிசையிலும் நுவரெலியாவிலும் ஆளுநர்கள் தமக்கெனக் கட்டிய மாளிகைகளே பிற்காலத்தில் ஹோட்டல்களாக மாறின. கப்பல் பயணிகளும் தோட்டத்துரைமாரும் அரசாங்க உயரதிகாரிகளுமே அவற்றின் வாடிக்கையாளர்கள்.

சாதாரண இலங்கையர் இந்த உலகத்திற்கு வெளியே இருந்தனர். எமது பேச்சுவழக்கில் ஹோட்டல் என்றால் அது சாப்பாட்டுக் கடையையே குறித்தது. வெளியூர் சென்றால் உறவினர் வீட்டிலோ கோயில் மடத்திலோ தங்குவதுதான் வழக்கம். சுற்றுப்பயணம் செய்யும் அதிகாரிகளுக்கென வீதியோரங்களில் கட்டப்பட்ட வாடிவீடுகள் சுதந்திரத்திற்குப் பிறகே மத்தியதர வகுப்பினரையும் வரவேற்கத் தொடங்கின. வட பகுதியினருக்கு ஆனையிறவு வாடிவீடு நினைவிருக்கும். உப்புநீர் ஏரியின் கரையில் ஒல்லாந்தர் காலத்துச் சிறு கோட்டையொன்றே வாடிவீடாக மாற்றப்பட்டிருந்தது.

ஹோட்டலை ஒரு கைத்தொழிலாக அரசு கருதத் தொடங்கியது 1960 களின் நடுப்பகுதியில்தான். தேயிலையின் விலை சரிந்து அந்நியச் செலாவணி நெருக்கடி முற்றியிருந்த வேளை அது. 1965 இல் பதவிக்கு வந்த டட்லி சேனாநாயக்க அரசாங்கத்தில் இராஜாங்க அமைச்சராக இருந்த ஜே.ஆர். ஜெயவர்தனவிடம் இந்தத் துறை ஒப்படைக்கப்பட்டது. அவருடைய முயற்சியினால் 1966 இல் இலங்கை உல்லாசப் பயணச் சபையும் இலங்கை ஹோட்டல் கூட்டுத்தாபனமும் சட்டமூலம் அமைக்கப்பட்டன. அந்த வருடம் நாட்டுக்கு வந்த பயணிகள் 18,969 பேர் மட்டுமே.

அமெரிக்க நிறுவனமொன்றின் உதவியுடன் பத்தாண்டுத் திட்டமொன்றும் 1967 இல் வரையப்பட்டது. கொழும்பு நகர், தென்கரை, கிழக்குக் கரை, மலையகம், புராதன நகரங்கள் என்ற ஐந்து வலயங்கள் அதில் இனங்காணப்பட்டன. யாழ்ப்பாணக் குடாநாடு அந்த ஐந்தில் ஒன்றாக இடம்பெறவில்லை. ஆனால் கிழக்குக்கு அதில் முக்கியமான இடம் இருந்தது. அதற்கு இயற்கையே காரணம். தென்மேல் பருவக்காற்று வீசும் மே முதல் செப்டெம்பர் வரையிலான மாதங்களில் பெந்தோட்டையிலும் ஹிக்கடுவையிலும் கடல் கொந்தளிக்கும். அதே மாதங்களில் நிலாவெளியிலும் பாசிக்குடாவிலும் கடல் குளம்போலக் கிடக்கும். வடகீழ் பருவக்காற்றின்போது நிலைமை மறுதலை. ஆகவே, இரண்டு கரைகளும் சேர்ந்தால்தான் ஆண்டு முழுவதும் விருந்தினரை வரவேற்கக்கூடிய நாடாக இலங்கை அமையும். ஒன்றை இழந்தால் ஹோட்டல் தொழில் அரை வருடத் தொழிலாகிவிடும். பெந்தோட்டையுடன் பாசிக்குடாவையும் உல்லாசப் பயணச் சபை தேசிய விடுமுறைத் தலமாக வளர்க்க முன்வந்ததன் பொருள் இதுவே. ஜெப்ரி பாவா வடிவமைத்த பெந்தோட்டைக் கடற்கரை ஹோட்டல் 1960 களின் இறுதியில் எழுந்தது. திருகோணமலையிலும் பாசிக்குடாவிலும் 1970 களில் ஹோட்டல்கள் எழுந்தன. மேற்கு ஜேர்மனியிலிருந்தும் ஏனைய ஐரோப்பிய நாடுகளிலிருந்தும் பயணிகள் விமானங்களில் கூட்டங்கூட்டமாக வந்தனர்.

முதலாவது எச்சரிக்கை 1971 இல் வந்தது. அந்த வருடம் ஏப்ரலில் ஜே.வி.பி. கிளர்ச்சி வெடித்தது. முந்திய வருடம் 46,000 ஐத் தாண்டியிருந்த பயணிகளின் தொகை 40,000 க்குக் கீழே இறங்கியது. ஆனால் அடுத்த வருடமே அது 56,000 ஆக உயர்ந்ததால் எச்சரிக்கையை எவரும் பொருட்படுத்தவில்லை. 1977 இல் ஜெயவர்தன ஆட்சிக்கு வந்து பொருளாதாரத்தைத் திறந்துவிட்டார். 1982 இல் 407,230 பயணிகள் வந்தனர். பதினாறு வருடங்களில் இருபது மடங்குக்கும் அதிகமான வளர்ச்சி. இலங்கையின் ஹோட்டல்துறை அதற்கு முன்னர் அவ்வளவு உயரத்தைக் கண்டதில்லை.

பின்னர் வந்தது 1983 ஜூலை. கொழும்பின் வீதிகளில் தமிழர்கள் தேடித் தேடிக் கொல்லப்பட்டனர். அவர்களுடைய வீடுகளும் கடைகளும் தொழிற்சாலைகளும் எரிக்கப்பட்டன. தலைநகரில் பல தலைமுறைகளாகச் சோறு போட்ட சைவ உணவகங்களும் அந்தத் தீயிலிருந்து தப்பவில்லை. வெளிநாட்டுப் பயணிகள் சிலர் இவற்றை நேரிலேயே கண்டனர். நாடு திரும்பிய அவர்கள் தாம் கண்டதைத் தத்தம் நாட்டுப் பத்திரிகைகளுக்குக் கூறினர். உள்நாட்டில் தணிக்கை நிலவிய நாட்களில், கடற்கரையும் யானையும் காட்டி அழைக்கப்பட்ட விருந்தினர்களே வெளியுலகிற்குச் சாட்சிகளாயினர். எத்தகைய விளம்பரத்தினாலும் அந்தச் சாட்சியத்தை அழிக்க முடியவில்லை.

உல்லாசப் பயணத்துறைக்கு அத்திவாரமிட்ட அதே ஜெயவர்தனவே அப்போது ஜனாதிபதியாக இருந்தார். வன்செயல்கள் தொடங்கிய பின்னர் பல நாட்கள் மௌனமாயிருந்த அவர், நாட்டு மக்களுக்கு ஆற்றிய உரையில் பாதிக்கப்பட்ட தமிழர்களுக்கு ஆறுதலாக ஒரு வார்த்தை கூறவில்லை. அவர் வளர்த்த துறையின் வீழ்ச்சியும் அந்த நாட்களிலேயே தொடங்கியது. 1983 இல் 337,530 ஆகக் குறைந்த பயணிகளின் தொகை, 1985 இல் 257,456 ஆகவும் 1987 இல் 182,620 ஆகவும் சரிந்தது. ஐந்து வருடங்களில் பாதிக்கும் அதிகமானோர் இல்லாமற் போயினர். செழிப்பான காலத்தில் திட்டமிடப்பட்ட கொழும்பின் ஐந்து நட்சத்திர ஹோட்டல்கள் சில, தாஜ் சமுத்திரா, கலதாரி மெரிடியன், ஹில்டன் போன்றவை, 1984 க்கும் 1987 க்கும் இடையில் கதவுகளைத் திறந்தபோது அறைகளை நிரப்ப ஆளில்லை. இருந்த சொற்பப் பயணிகளுக்காக ஹோட்டல்கள் ஒன்றோடொன்று போட்டியிட்டு விலையைக் குறைத்தன. 'மலிவான நாடு' என்ற பெயர் இலங்கைக்கு ஒட்டிக்கொண்டது அப்போதுதான். அதைக் கழற்றுவதற்குப் பல வருடங்கள் பிடித்தன.

கிழக்கின் கதை இதைவிடத் துயரமானது. திருகோணமலையிலும் பாசிக்குடாவிலும் ஹோட்டல்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன. பல கட்டிடங்கள் போரில் சிதைந்து கூரையற்ற சுவர்களாக நின்றன. பத்தாண்டுத் திட்டத்தின் அடிப்படையாக இருந்த இரு பருவக் கணக்கு அத்துடன் முடிந்துபோயிற்று. வடக்கிலும் இதே நிலைதான். ஆனையிறவு வாடிவீடு இராணுவத்தின் அரணாக மாறி, 1991 ஆம் ஆண்டுச் சமரில் விடுதலைப் புலிகளிடம் வீழ்ந்தது. யாழ்ப்பாண நகரின் சுபாஸ், ஞானம்ஸ் ஹோட்டல்கள் 1995 க்குப் பிறகு நீண்டகாலம் படையினரின் வசம் இருந்தன. யாழ்ப்பாணத்தில் 'ஹோட்டலடி' என்றால் சோதனைச்சாவடியை நினைத்து வளர்ந்த ஒரு தலைமுறையே உண்டு.

போர் கொழும்பு ஹோட்டல்களையும் விட்டுவைக்கவில்லை. 1996 ஜனவரியில் மத்திய வங்கி தாக்கப்பட்டது. 1995 இல் 4 இலட்சத்தை மீண்டும் எட்டிப்பிடித்திருந்த தொகை, அந்த வருடம் 3 இலட்சத்துக்கு வீழ்ந்தது. 1997 ஒக்டோபரில் குண்டு லொறி புகுந்தது கலதாரி ஹோட்டலின் வாகனத் தரிப்பிடத்துக்குள். 2001 ஜூலையில் கட்டுநாயக்க விமான நிலையம் தாக்கப்பட்டது. ஆண்டிறுதியில் உல்லாசப் பயணச் சபை அனுப்பும் எண்ணிக்கைகளை நாம் வர்த்தகப் பக்கத்தில் பிரசுரிப்போம். அவற்றின் காரணம் வருடம் முழுவதும் முதற்பக்கத்தில் வந்துகொண்டிருக்கும். இரண்டு பக்கங்களையும் சேர்த்துப் படித்தவர்கள் மிகச் சிலர்.

சேர்த்துப் படித்திருந்தால் ஓர் உண்மை புலப்பட்டிருக்கும். 2002 பெப்ரவரியில் அரசாங்கத்துக்கும் விடுதலைப் புலிகளுக்கும் இடையில் போர்நிறுத்த உடன்படிக்கை கைச்சாத்தானது. புதிய சலுகைத் திட்டமோ பெரும் முதலீடோ வந்து பயன்தர முன்னரே, 2003 இல் முதற்தடவையாகப் பயணிகளின் தொகை 5 இலட்சத்தைத் தாண்டியது. 2004 இல் அது 566,202 ஆகியது. அந்த வருடத்தின் டிசம்பர் 26 இல் சுனாமி தென், கிழக்குக் கரைகளின் ஹோட்டல்களை வாரிச் சென்றது. ஆயினும், கடல் அழித்ததைக் கட்டியெழுப்புவது சாத்தியமாயிற்று. போர் திரும்பி வந்ததனால் நேர்ந்த இழப்பை 2009 வரை ஈடுசெய்ய முடியவில்லை.

2009 மேயில் போர் முடிந்தது. 447,890 ஆக இருந்த தொகை ஒரே வருடத்தில் 654,476 ஆகி, 2012 இல் 10 இலட்சத்தைக் கடந்து, 2018 இல் 2,333,796 ஐ எட்டியது. பாசிக்குடாவில் மீண்டும் ஹோட்டல்கள் வரிசையாக எழுந்தன. ஆனால் போரின் முடிவில் எவருக்கு என்ன கிடைத்தது என்பதை அந்தக் கரைகளிலேயே காணலாம். கிழக்கின் பெரிய ஹோட்டல்களில் பெரும்பாலானவை வெளியிலிருந்து வந்த மூலதனத்துக்கு உரியவை. கடலை நம்பியிருந்த மீனவர்களுக்குக் கரைக்குச் செல்லும் பாதை சுருங்கியது. வடக்கில், 1990 இல் வெளியேறிய வலிகாமம் வடக்கு மக்கள் தமது காணிகளுக்குத் திரும்ப அனுமதி கேட்டுக் காத்திருந்த காலத்திலேயே, காங்கேசன்துறைக் கடற்கரையில் இராணுவம் 'தல்செவன' என்ற விடுமுறை விடுதியை நடத்தியது. காரைநகருக்கு அருகிலுள்ள கடற்கோட்டையை கடற்படையும் திருகோணமலையின் மார்பிள் கடற்கரையை விமானப்படையும் விடுதிகளாக்கின. சொந்த ஊரின் கடற்கரையைக் காணக் கட்டணம் செலுத்தி அறை எடுக்க வேண்டிய நிலை வேறு எங்கும் 'மீட்சி' என்று அழைக்கப்படுமா?

2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறு தினத்தில் தேவாலயங்களுடன் ஷங்ரி-லா, சினமன் கிராண்ட், கிங்ஸ்பெரி ஆகிய மூன்று ஹோட்டல்களும் தற்கொலைக் குண்டுதாரிகளினால் தாக்கப்பட்டன. முன்கூட்டியே கிடைத்த புலனாய்வு எச்சரிக்கைகளை ஆட்சியாளர்களின் உட்பூசலும் அலட்சியமும் வீணாக்கின. அடுத்து கொரோனா பெருந்தொற்று வந்தது. அதற்கடுத்து 2022 இன் பொருளாதார வீழ்ச்சி. எரிபொருளுக்கும் சமையல் எரிவாயுவுக்கும் மக்கள் வரிசைகளில் நின்ற நாட்டில் ஹோட்டல்கள் அடுப்பெரிக்க வழியின்றித் தவித்தன. 2021 இல் வந்த பயணிகள் 194,495 பேர். ஏறத்தாழ 1980 களின் கடைசி வருடங்களின் நிலை. பயிற்சிபெற்ற ஊழியர்கள் பலர் வளைகுடா நாடுகளுக்கும் மாலைதீவுக்கும் சென்றுவிட்டனர். எஞ்சிய ஹோட்டல்களில் இன்று ஆட்பற்றாக்குறை பெரும் பிரச்சினையாக இருக்கிறது.

மாலைதீவை இங்கு ஒப்பிட்டுப் பார்ப்பது பயனுடையது. அங்கு முதல் விடுமுறைத் தீவு 1972 இல்தான் திறக்கப்பட்டது. இலங்கை அப்போது ஆறு வருட அனுபவமுள்ள மூத்த நாடு. மலையோ புராதன நகரமோ இல்லாத, மக்கள்தொகையில் கொழும்பு மாவட்டத்தையே எட்டாத அந்த நாட்டுக்கும் 2024 இல் 20 இலட்சத்துக்கு அதிகமானோர் வந்தனர். அங்கு விடுதிகளைக் கட்டியவர்களிலும் நடத்தியவர்களிலும் இலங்கை நிறுவனங்களும் இலங்கை ஊழியர்களும் இருந்தனர் என்பது குறிப்பிடத்தக்கது. எம்மவரின் திறமையில் குறை இருக்கவில்லை.

இன்றைய எண்ணிக்கைகளில் இன்னொரு விடயமும் அடங்கியுள்ளது. 1983 இலும் அதன் பின்னரும் நாட்டைவிட்டு ஓடிய தமிழர்கள் இன்று கனடா, பிரித்தானியா, ஜேர்மனி, சுவிற்சர்லாந்து, அவுஸ்திரேலியா ஆகிய நாடுகளின் கடவுச்சீட்டுகளுடன் வருகிறார்கள். நல்லூர்த் திருவிழாவுக்கும் திருமணங்களுக்கும் மரணச்சடங்குகளுக்கும் வரும் அவர்களை கட்டுநாயக்கவில் உல்லாசப் பயணிகள் என்றே பதிவுசெய்கிறார்கள். சொந்த வீடு இடிந்தோ பிறர் வசமோ இருப்பதால் யாழ்ப்பாணத்து ஹோட்டல் அறையில் தங்கி, தாம் பிறந்த வளவைப் பார்த்துவிட்டுத் திரும்புபவர்களும் அவர்களில் உள்ளனர். வீழ்ச்சிக்குக் காரணமான நிகழ்வுகளால் விரட்டப்பட்டவர்களே இன்று மீட்சியின் கணக்கில் சேர்க்கப்படுகிறார்கள்.

ஹோட்டல்களைக் கட்டுவதற்கு மூலதனம் போதும். கொழும்பின் வானளாவிய புதிய ஹோட்டல்கள் அதைக் காட்டுகின்றன. ஆனால் 1971, 1983, 1996, 2001, 2019, 2022 ஆகிய வருடங்களில் அந்த அறைகள் காலியானதற்குக் கடற்கரைகளில் எந்தக் குறையும் காரணமல்ல. ஒவ்வொரு தடவையும் காரணம் நாட்டின் ஆட்சியிலும் அரசியலிலும் இருந்தது. அரசியல் தீர்வு, காணி விடுவிப்பு, பொறுப்புக்கூறல் ஆகியவற்றை அபிவிருத்திக்குப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று வாதிடுபவர்கள் 1966 முதலான எண்ணிக்கைகளை ஒரு தடவையாவது வரிசையாக எழுதிப் பார்க்க வேண்டும். அடுத்த இலக்கு 30 இலட்சமா 40 இலட்சமா என்று விவாதிப்பதற்கு முன்னர் செய்ய வேண்டிய வேலை அதுவே.